தாமரையும் தாழ்ப்பாளும்: தூண்டுரைப் போட்டிகளைத் தமிழ்ப் புலமை வாதின் வழி வாசித்தல்

ஆய்வுச்சுருக்கம்

செயற்கை நுண்ணறிவு மொழி மாதிரிகளுக்கு மனிதர் இடும் தூண்டுரைகளை ஒன்றோடொன்று மோதவிடும் விளையாட்டுகள் 2023ஆம் ஆண்டிலிருந்து பெருகியுள்ளன. ஒருவர் எழுதிய காப்புரையை மற்றொருவர் எழுதிய தாக்குரை முறியடிக்க முயல்வதே இவற்றின் பொது வடிவம். இவ்விளையாட்டுகளைப் போர் என்றும் களவு என்றும் உருவகிப்பது வழக்கமாகிவிட்டது. இக்கட்டுரை அவற்றைச் சொல்லின் போட்டியாக எடுத்துக்கொண்டு, பெரம்பலூர், அரியலூர் நிலப்பகுதியோடு தொடர்புடைய இரு பழைய கதைகளின் துணையுடன் வாசிக்கிறது. ஒன்று ஒட்டக்கூத்தர், புகழேந்தி பற்றிய இரட்டைத் தாழ்ப்பாள் கதை. மற்றொன்று வீரமாமுனிவரின் பரமார்த்த குரு கதையில் வரும் ஓலைப் பட்டியல். போட்டியில் வென்றது எது என்பதைக் காட்டும் இவ்விளையாட்டுகள், ஏன் வென்றது என்பதை ஆராயும் அவையை இழந்து நிற்கின்றன என்பது கட்டுரையின் துணிபு.

திறவுச்சொற்கள்: தூண்டுரை, மொழி மாதிரி, ஒட்டக்கூத்தர், வீரமாமுனிவர், இடைச்செருகல், கட்டளைக் கலித்துறை, அவை

இரு கலித்துறைகளும் ஒரு கதவும்

ஒட்டக்கூத்தரையும் புகழேந்தியையும் ஒரே அவையில் நிறுத்தும் கதை, தமிழ் நாவலர் சரிதை போன்ற தொகுப்புகளாலும் அட்டாவதானம் வீராசாமி செட்டியாரின் விநோதரசமஞ்சரியாலும் பரவலாக அறியப்பட்டது. பாண்டியன் மகள் சோழனை மணந்து வருகிறாள். அவளுக்குத் தமிழ் கற்பித்த புகழேந்தியும் உடன் வருகிறார். கூத்தரின் பொறாமையால் புகழேந்தி சிறைப்படுகிறார். செய்தியறிந்த அரசி சினந்து, அரசன் வரும் வேளையில் கதவை அடைத்துத் தாழிடுகிறாள். ஊடல் தணிக்க அரசன் கூத்தரையே அனுப்புகிறான். கூத்தர் பாடுகிறார், பாட்டைக் கேட்ட அரசி இரண்டாவது தாழ்ப்பாளையும் போடுகிறாள். பிறகு புகழேந்தி விடுவிக்கப்பட்டு வந்து பாட, கதவு திறக்கிறது. ஒட்டக்கூத்தன் பாட்டுக்கு இரட்டைத் தாழ்ப்பாள் என்ற வழக்கு இக்கதையின் எச்சம்.

இதை வரலாறாகக் கொள்ள இடமில்லை. கூத்தர் விக்கிரமன், இரண்டாம் குலோத்துங்கன், இரண்டாம் இராசராசன் ஆகிய மூவர் மீதும் உலாப் பாடிய 12ஆம் நூற்றாண்டுப் புலவர். நளவெண்பா தன் புரவலனாகச் சந்திரன் சுவர்க்கியைச் சுட்டுவதால், புகழேந்தியைக் கூத்தருக்குப் பிற்பட்டவராகக் கொள்வோர் பலர். கதைக்குள் இடமும் திட்டமாக இல்லை. ஆயினும் கூத்தர் பாடிய மூவரும் கங்கைகொண்ட சோழபுரத்தைத் தலைநகராகக் கொண்ட சோழர் மரபினர் ஆதலின், கதையின் கற்பனைக் களம் இன்றைய அரியலூர் மாவட்டத்து மண்ணை ஒட்டியே அமைகிறது. அந்நகரின் அரண்மனைப் பகுதியாகிய மாளிகைமேட்டில் அகழ்ந்தெடுக்கப்பட்டவை செங்கல் அடித்தளங்களே. கதவோ தாழ்ப்பாளோ கதையில் மட்டும் எஞ்சியிருக்கின்றன.

கதையில் வழங்கும் இரு பாடல்களும் கட்டளைக் கலித்துறைகள். முதலாவது நேரசையில் தொடங்குவதால் அடிக்கு ஒற்று நீங்கலாக 16 எழுத்தும், இரண்டாவது நிரையசையில் தொடங்குவதால் 17 எழுத்தும் பெறுகின்றன. யாப்பில் இரண்டும் குறையற்றவை. வேறுபாடு கேட்பவளை எவ்வாறு கருதின என்பதில் உள்ளது. கூத்தர் பாட்டு, இனி உன்னை வேண்டப் போவதில்லை என்று தொடங்கி, சூரிய குலத்து அரசன் வாசலுக்கு வந்தால் உன் கைகளாகிய தாமரைகள் தாமே திறக்கும் என்று முடிகிறது. கதிரவன் எழத் தாமரை மலர்வது இயற்கை விதி. அரசன் கதிரவன் குலத்தவன். அரசியின் கை தாமரை. எனவே கதவு திறந்தே தீரும். உருவகத்தை ஏதுவாக்கி முடிவைக் கட்டாயமாக்கும் இந்தத் தருக்கம் அழகானது. அரசிக்கு அதில் செய்ய ஒன்றுமில்லை என்பதுதான் அதன் குறை. அவள் சினம் பாட்டில் ஒரு பொருளாகவே இடம்பெறவில்லை.

புகழேந்தி பாட்டின் உருவகங்கள் அத்தனை கூர்மையானவை அல்ல. ஒன்றிரண்டு என்ற தொடரை அடிதோறும் மடக்கிக்கொண்டு செல்லும் அப்பாட்டு, நற்குடிப் பிறந்தோர் பிழை ஒன்றிரண்டைப் பொறுக்க மாட்டார்களா என்ற வினாவில் நிற்கிறது. பிழை நிகழ்ந்தது என்பதை அது ஒப்புக்கொள்கிறது. பொறுப்பதும் பொறாததும் கேட்பவளின் உரிமை என்பதையும் ஒப்புக்கொள்கிறது.

இங்கே கதையை ஒருமுறை ஐயுறவும் வேண்டும். கதவு பாட்டால்தான் திறந்ததா? அரசியின் சினத்திற்குக் காரணம் புகழேந்தியின் சிறை. புகழேந்தி வாசலில் நின்று பாடுகிறார் என்றாலே சிறை நீங்கிவிட்டது என்பது பொருள். அவர் எழுத்துப் பிழையோடு பாடியிருந்தாலும் கதவு திறந்திருக்கக்கூடும். கதை சொன்னவர்கள் புலவர்களின் பெருமையைப் பேச வந்தவர்கள். ஆகவே விடுதலையின் வெற்றியைப் பாட்டின் வெற்றியாகச் சொல்லிவிட்டார்கள். பாட்டுக்கு வெளியே ஓர் உலகம் இருந்தது என்பதும், கேட்பவள் அதை அறிந்தே பாட்டைக் கேட்டாள் என்பதும் பின்வரும் ஒப்பீட்டிற்கு இன்றியமையாதவை.

சொல்லால் கதவு திறக்கும் விளையாட்டு

நிரல்களை ஒன்றோடொன்று மோதவிடும் விளையாட்டு கணினியுலகிற்குப் புதிதன்று. 1984இல் டியூட்னி அறிவியல் இதழொன்றில் அறிமுகம் செய்த கோர் வார் விளையாட்டில் இரு நிரல்கள் ஒரே நினைவகத்தில் ஒன்றையொன்று அழிக்க முயன்றன. அதற்குச் சில ஆண்டுகள் முன்னர் ஆக்ஸல்ராட் நடத்திய போட்டியில், கைதியின் இக்கட்டு என்னும் ஆட்டத்தை நிரல்கள் திரும்பத் திரும்ப ஆடின. அனத்தோல் ராப்பபோர்ட் அனுப்பிய மிகச் சிறிய நிரல் வென்றது. அங்கே மோதியவை கணினிமொழிக் கட்டளைகள். இன்று மோதுபவை இயல்மொழி வாக்கியங்கள். மொழியை ஆய்வோர் இவ்விளையாட்டுகளைத் தம் எல்லைக்குள் கொள்ள வேண்டியதற்கு இதுவே காரணம்.

2023இல் கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தைச் சார்ந்த ஆய்வாளர்கள் உருவாக்கிய டென்சர் டிரஸ்ட் இவ்வகைக்குத் தெளிவான சான்று. ஒவ்வொருவருக்கும் கற்பனையான வங்கிக் கணக்கு ஒன்று உண்டு. கணக்கை ஒரு மொழி மாதிரி காவல் காக்கிறது. கணக்குக்குரியவர் முன்காப்புரை ஒன்றையும் பின்காப்புரை ஒன்றையும் எழுதி, ஒரு மறைச்சொல்லையும் அமைக்கிறார். வாசலுக்கு வருபவர் தட்டச்சிடும் உரை, முன்காப்புரைக்கும் பின்காப்புரைக்கும் நடுவே வைக்கப்பட்டு, மொத்தமும் ஒரே உரையாக மாதிரியிடம் செல்கிறது. மறைச்சொல் வந்தால் மாதிரி அனுமதி வழங்கும் தொடரைச் சொல்ல வேண்டும். வேறெது வந்தாலும் சொல்லக் கூடாது. மறைச்சொல் அறியாமலே அத்தொடரை மாதிரியின் வாயிலிருந்து வரவழைப்பவர் கணக்கிலுள்ள பணத்தில் பங்கு பெறுகிறார். எவருக்கும் திறவாத கதவை அமைத்துத் தப்பிக்கவும் முடியாது. தம் மறைச்சொல்லுக்குக் கதவு திறக்கிறது என்பதை உரியவர் முதலில் மெய்ப்பிக்க வேண்டும். இவ்வாறு திரண்ட தாக்குரைகள் இலட்சத்தைத் தாண்டின. அவற்றை ஆய்வாளர்கள் தரவுத்தொகுப்பாக வெளியிட்டனர்.

அதே ஆண்டில் நடந்த ஹேக்-அ-பிராம்ப்ட் போட்டியில் 6 இலட்சத்திற்கும் மேற்பட்ட தூண்டுரைகள் குவிந்தன. லக்கேரா என்னும் சுவிட்சர்லாந்து நிறுவனத்தின் கேண்டால்ஃப் விளையாட்டில் படிப்படியாக இறுகும் காவலிலிருந்து மறைச்சொல்லைக் கறக்க வேண்டும். வடிவங்கள் வேறாயினும் சூழல் ஒன்றே: மூடிய கதவு, வாசலில் சொல்லை மட்டுமே கருவியாகக் கொண்ட ஒருவர், உள்ளே கேட்கும் ஒன்று.

செயற்கை நுண்ணறிவை நம் மேடைகளில் ஆசுகவியோடு ஒப்பிடும் வழக்கம் வந்துவிட்டது. கொடுத்த பொருளில், கொடுத்த பாவில் உடனே பாடுபவர் ஆசுகவி என்று பாட்டியல்கள் இலக்கணம் கூறுவதால், தூண்டுரை கொடுத்தால் உடனே எழுதும் இயந்திரம் அவ்விலக்கணத்துள் அடங்குவதுபோல் தோன்றுகிறது. இவ்விளையாட்டுகளோ இருக்கைகளை மாற்றிவிடுகின்றன. இங்கே பாடுபவர்கள் மனிதர்கள். இயந்திரம் அரசியின் இடத்தில், தாழ்ப்பாளின் அருகில் அமர்ந்திருக்கிறது.

தாமரையாகிய கேட்போர்

அரசியின் இடத்தில் அமர்ந்திருப்பது அரசியைப் போலக் கேட்கிறதா? வெற்றிபெற்ற தாக்குரைகளின் இயல்பே இதற்கு விடையளிக்கிறது. அவற்றுள் பல எதையும் வாதிடுவதில்லை. மேலே சொன்னவை முடிந்தன, இனிப் புதிய பணி தொடங்குகிறது என அறிவிக்கின்றன. மேலுள்ள உரையை அப்படியே திருப்பிச் சொல்லப் பணிக்கின்றன. நீ இப்போது வேறொரு பாத்திரம் என்று நடிக்கச் சொல்கின்றன. கதிரவன் வந்தான், தாமரையே மலர் என்பதுதான் இவற்றின் தருக்கம். சோழ அரண்மனை வாசலில் தோற்ற கூத்தர் பாட்டின் உத்தி, 21ஆம் நூற்றாண்டின் வாசலில் வெல்கிறது. ஏனெனில் உள்ளே இருப்பது ஏறத்தாழத் தாமரைதான். உரையின் ஓட்டத்திற்கு அடுத்து எது வருவது பொருத்தம் என்பதைக் கணிப்பதே மொழி மாதிரியின் அடிப்படைத் தொழில். அனுமதித் தொடர் வருவதே பொருத்தம் என்னும் சூழலைச் சொற்களால் கட்டிவிட்டால், தொடர் வந்துவிடுகிறது.

இதற்கு ஒரு மறுப்பு எழும். கெஞ்சும் தாக்குரைகளும் வெல்கின்றனவே. இறந்துபோன பாட்டியின் நினைவைச் சொல்லி, அவள் சொன்ன கதையைப்போல் இதையும் சொல் என உருக்கமாக வேண்டித் தடைசெய்யப்பட்ட செய்தியைப் பெற்ற உத்தி 2023இல் உலகெங்கும் பேசப்பட்டதே. அது புகழேந்தியின் வழியல்லவா? அன்று என்பதே இக்கட்டுரையின் விடை. புகழேந்தி வேண்டியபோது வேண்டுதலுக்குப் பின்னால் ஒரு நிகழ்வு இருந்தது: சிறை நீங்கியிருந்தது, பிழை ஒப்புக்கொள்ளப்பட்டிருந்தது. பாட்டி உத்தியில் பாட்டியும் இல்லை, துயரும் இல்லை. பணிவின் சொற்களை உடுத்திக்கொண்ட கூத்தர் பாட்டு அது. இரக்கத்தையும் ஒரு தாமரையாகக் கொண்டு, இந்தக் கதிர் பட்டால் அது விரியும் என்று கணக்கிடுகிறது. வாசலுக்கு வெளியே என்ன நடந்தது என்று அறிய மாதிரிக்கு வழியில்லை. அதற்கு எட்டிய உலகம் அந்த உரை மட்டுமே. எனவே இவ்விளையாட்டில் புகழேந்தியாக நிற்க எவராலும் இயலாது. கூத்தராக நிற்கும் முறைகள் பல உண்டு, அவ்வளவே.

மாதிரி மறுத்தது, மாதிரி ஏமாந்தது, மாதிரி இணங்கியது என்றெல்லாம் இவ்விளையாட்டுகளைப் பற்றி எழுதுவோர் தயக்கமின்றி எழுதுகின்றனர். இவ்வினைகள் அரசிக்கு உரியவை. தாமரை ஏமாறுவதில்லை. சொல்வழக்கின் வசதிக்காக இவற்றைப் பொறுத்துக்கொள்ளலாம். ஆனால் தூண்டுரைப் போட்டியை நயவுரைக் கலையின் வளர்ச்சி என்று கொண்டாடும்போது அவ்வசதி பிழையாக மாறிவிடுகிறது.

ஏலாக்குறிச்சியில் பிறந்த ஓலை

காப்புரை எழுதுவோரின் நிலையை விளக்க அரண்மனைக் கதை போதாது. அதற்கு அதே நிலப்பகுதியின் வேறொரு நூலுக்குச் செல்ல வேண்டும். கொள்ளிடத்தின் வடகரையில், இன்றைய அரியலூர் மாவட்டத்தில் உள்ள ஏலாக்குறிச்சி, வீரமாமுனிவர் திருக்காவலூர் எனப் பெயரிட்டுப் பாடிய ஊர். 1711 அளவில் தமிழகம் வந்து 1747இல் மறைந்த அவர் தொன்னூல் விளக்கமும் சதுரகராதியும் செய்தவர். பிற சமயப் பணியாளர்கள் வழக்குத் தமிழ் பயிலும் வகையில் பரமார்த்த குரு கதையையும் எழுதினார். 1822இல் பாபிங்டன் இலண்டனில் அதை ஆங்கில மொழிபெயர்ப்போடு வெளியிட்டார்.

மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன் என்னும் ஐந்து சீடரோடு குரு குதிரையில் போகிறார். கிளை தட்டித் தலைப்பாகை விழுகிறது. சீடர் எடுக்கவில்லை, எடுக்கச் சொல்லவில்லையே என்கின்றனர். விழுவதையெல்லாம் எடுக்க வேண்டும் என்கிறார் குரு. அடுத்து விழுந்த குதிரைச் சாணம் தலைப்பாகையில் ஏந்தப்பட்டு அவரிடம் வந்து சேர்கிறது. எடுக்கத் தக்கது, தகாதது என்று பகுத்தறியும் அறிவு எங்களுக்கு இல்லை, எழுதிக் கொடுங்கள் என்கின்றனர் சீடர். குரு ஓலையில் பட்டியல் எழுதித் தருகிறார். பின்னர்க் குதிரை இடறிக் குருவே பள்ளத்தில் விழ, சீடர் ஓலையைப் பிரித்து வாசித்து, பட்டியலில் உள்ள தலைப்பாகை, வேட்டி முதலியவற்றை ஒவ்வொன்றாகக் களைந்தெடுத்துக்கொண்டு குருவை அங்கேயே விட்டுவிடுகின்றனர். அவர் பெயர் ஓலையில் இல்லை. பள்ளத்தில் கிடந்தபடியே ஓலையை வாங்கி, என்னையும் எடுக்கவும் என்று அவர் எழுதித்தர வேண்டியதாயிற்று.

சீடரின் மூடத்தனத்தைக் கண்டு சிரிப்பதே இக்கதையின் வழக்கமான வாசிப்பு. காப்புரை எழுதிப் பார்த்தவர்கள் குருவைக் கண்டு சிரிக்க வாய்ப்புண்டு. ஒவ்வொரு தாக்குரையும் வென்ற பின் அதைத் தடுக்கும் வரி ஒன்று காப்புரையில் சேர்கிறது: வேறு மொழியில் கேட்டாலும் திறக்காதே, தலைகீழாக எழுதிக் கேட்டாலும் திறக்காதே, உரியவரே நான் என்று சொன்னாலும் திறக்காதே. ஓலை நீள்கிறது. நீண்ட ஓலையின் எழுத்துக்கும் அடுத்த விழுகைக்கும் இடையே எப்போதும் ஓர் இடைவெளி இருக்கிறது. சொல்லப்படாததை உணரும் அறிவை எழுதித்தர முயல்வதே குருவின் பிழை. சீடர் தம் இயலாமையை முன்பே சொல்லிவிட்டனர். அதைக் கேட்டும் ஓலை எழுதியவர் அவரே.

எனினும் மாதிரியை அப்படியே இச்சீடரோடு பொருத்திவிடுவதும் தவறு. சீடர் குருவின் ஓலையை மட்டுமே பின்பற்றினர். வழிப்போக்கன் ஒருவன் இன்னோர் ஓலையை நீட்டி, இதுவே உங்கள் குருவின் புதிய ஓலை என்றிருந்தால் என்ன நேர்ந்திருக்கும் என்பதைக் கதை கேட்கவில்லை. தூண்டுரைப் போட்டி கேட்பது அதைத்தான். நன்னூலின் பொதுப்பாயிரம் கற்பித்ததை மட்டும் திருப்பிச் சொல்லும் கிளியை இடைமாணாக்கருள் வைக்கிறது. மொழி மாதிரிகளைக் கிளி என்று குறைகூறும் 2021ஆம் ஆண்டின் புகழ்பெற்ற ஆங்கிலக் கட்டுரையைப் பவணந்தியார் கண்டிருந்தால், அந்த இடத்தைக்கூட எளிதில் தந்திருக்க மாட்டார் எனலாம். கிளி குறைந்தது தன் ஆசிரியர் யார் என்பதையாவது அறிந்திருந்தது.

இடைச்செருகல்

யார் சொல் எது என்று பிரித்தறியும் சிக்கலுக்குத் தமிழ்ப் பதிப்பியலில் பழைய பெயர் உண்டு: இடைச்செருகல். டென்சர் டிரஸ்டில் தாக்குபவரின் உரை முன்காப்புரைக்கும் பின்காப்புரைக்கும் நடுவே செருகப்படுவது சொல்லளவிலும் இடைச்செருகலே. 2022இல் சைமன் வில்லிசன் இவ்வகைத் தாக்குதலுக்குப் பெயரிட்டபோது ஊசியேற்றுதல் என்ற பொருள்படும் ஆங்கிலச் சொல்லைத் தரவுத்தளத் தாக்குதலின் வழியாக எடுத்துக்கொண்டார். இடைச்செருகல் என்ற சொல் இன்னும் துல்லியமானது. அதில் மூல ஆசிரியர், செருகியவர், இருவரையும் பிரித்தறிய வேண்டிய வாசகர் என மூவரும் உள்ளனர்.

ஓலைச்சுவடியில் மூலமும் உரையும் ஒரே ஓட்டமாக எழுதப்பட்டன. மெய்க்குப் புள்ளியிடாத ஏடுகளே மிகுதி. எ, ஏ என்பவற்றையும் ஒ, ஓ என்பவற்றையும் வரிவடிவில் வேறுபடுத்த வழிசெய்தவராக வீரமாமுனிவர் போற்றப்படுவதற்கு அந்த ஏடுகளின் மயக்கமே பின்னணி. மொழி மாதிரிக்குள்ளும் நிலை இதுவே. கட்டளை வரும் வழி, தரவு வரும் வழி என இரண்டு இல்லை; எல்லாம் ஒரே டோக்கன் வரிசை. எங்கே காப்புரை முடிந்து எங்கே அயலார் உரை தொடங்குகிறது என்பதைக் காட்டும் குறியையும் அதே வரிசையில்தான் எழுத வேண்டும். அயலாரும் அக்குறியை எழுதலாம்.

சுவடியின் மயக்கத்தை நீக்கியவர்கள் யாப்பும் நூல்மரபும் அறிந்த வாசகர்கள். அவர்களுள் தலையாய உ.வே. சாமிநாதையரின் (1855–1942) தொடக்கக் கல்வி இந்நிலப்பகுதியில்தான் அமைந்தது. அரியலூரில் சடகோபையங்காரிடமும், இன்றைய பெரம்பலூர் வட்டாரத்துச் செங்கணத்தில் விருத்தாசல ரெட்டியாரிடமும் பயின்ற பின்னரே அவர் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் சென்றார். செங்கணத்தில் அவர் பாடங்கேட்டது யாப்பருங்கலக் காரிகை. அடியில் ஓர் எழுத்து மிக்கால் ஐயுறவும், சீரில் தளை தட்டினால் நின்று பார்க்கவும் அப்பயிற்சி கற்றுத்தருகிறது.

இங்கே பொருளற்ற எழுத்து பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். டென்சர் டிரஸ்டில் வெற்றிபெற்ற தாக்குரைகளில் ஆர்ட்டிசன்லிப் என்னும் வினோதச் சொல் அடிக்கடி காணப்பட்டது. ஆடுவோர் சொல்லுக்குப் பொருள் தேடவில்லை. அதை இட்டால் மாதிரி தடுமாறுகிறது என்பதைக் கண்டுகொண்டு ஒருவரைப் பார்த்து ஒருவர் பயன்படுத்தினர். தமிழ் வாசகருக்கு உடனே நினைவில் எழுவது வில்லிபுத்தூரார் துறட்டுக்கோலோடு அமர்ந்து அருணகிரிநாதரோடு வாதிட்ட கதை. தகர வருக்கம் மட்டுமே பயிலும் கந்தரந்தாதிப் பாடலுக்கு உரை சொல்ல இயலாமல் வில்லிபுத்தூரார் தோற்றார் என்பர். மேற்பார்வைக்கு இரண்டும் ஒன்றே: எதிரியால் பகுக்க முடியாத எழுத்துக்கோவை. ஆனால் அருணகிரிநாதர் அப்பாடலுக்குத் தாமே பொருள் சொல்லி வாதை முடித்ததாகவே கதை போகிறது. பொருள் சொல்ல இயலாதிருந்தால் அவர் வென்றவர் ஆகார். புதிரிட்டவரே விடை கூறக் கடமைப்பட்டவர் என்னும் இம்முறை தூண்டுரைப் போட்டியில் இல்லை. வென்றவரிடம் ஏன் வென்றாய் என்று கேட்பார் இல்லை. கேட்டாலும் அவருக்கே தெரியாதிருக்கக்கூடும்.

அவையும் கட்டளையும்

யாப்பருங்கல விருத்தி புலவரைக் கவி, கமகன், வாதி, வாக்கி எனப் பகுத்து, அவையையும் நல்லவை, தீயவை, நிறையவை, குறையவை எனப் பகுக்கிறது. வாதி என்பவன் ஏதுவும் மேற்கோளும் காட்டித் தன் கொள்கையை நாட்டிப் பிறர் கொள்கையை மறுப்பவன். ஆகவே அவனுக்கு ஏதுவை ஏதுவென்று அறியும் அவை தேவை. குறளும் அவையறிதல், அவையஞ்சாமை என இரண்டு அதிகாரங்களை இதற்கு ஒதுக்கியது. நம் வாதுக் கதைகளில் கொடுமை குறைவன்று. தோற்றவர் செவியும் தலையும் பணயமாகும். காளமேகம் பாடியதாகச் சொல்லப்படும் யமகண்டம் ஒரு தண்டனைக்களமே. அந்தக் கொடுமையைப் போற்ற வேண்டியதில்லை. ஆனால் அக்கதைகளிலும் தோல்விக்குக் காரணம் சொல்லப்பட்டது.

தூண்டுரைப் போட்டியில் அவையின் இடத்தில் இருப்பது ஓர் எழுத்துச்சரம். அனுமதித் தொடர் வெளிப்பட்டால் வெற்றி, இல்லையேல் தோல்வி. பாதுகாப்பு ஆய்வுக்கு இது போதும்; மாதிரியின் ஓட்டைகளை அறிய இதைவிட மலிவான வழி இல்லை என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். இம்முறை மொழியின் தரத்தை அளக்கும் இடத்திற்கு நகரும்போதுதான் கவலை தொடங்குகிறது. இரு மாதிரிகளின் விடைகளைப் பெயர் மறைத்து அருகருகே வைத்து, பயனரின் விருப்ப வாக்கால் தரவரிசை வகுக்கும் சாட்பாட் அரேனா 2023இல் தொடங்கியது. வாக்களிக்க மனிதர் கிடையாத இடங்களில் மாதிரியையே நடுவராக்கும் முறையும் அதே ஆண்டில் பரவியது. அம்முறையை முன்வைத்த ஆய்வாளர்களே அதன் சாய்வுகளையும் பதிந்தனர்: முதலில் வைத்த விடையை விரும்புதல், நீண்ட விடையை விரும்புதல், தன்னைப்போல் எழுதப்பட்டதை விரும்புதல். குறையவைக்கு இனி உரையெழுதுவோர் இம்மூன்றையும் சேர்த்துக்கொள்ளலாம்.

தமிழுக்கு இச்சிக்கல் இன்னொரு மடங்கு கூடுகிறது. கங்கை என்ற சொல்லைக் கொள்வோம். தமிழ் கற்றவர் செவிக்கு அது மூன்று எழுத்து, இரண்டு அசை, ஒரு தேமா. ஒருங்குறியில் அது ஐந்து குறியீடுகள். யுடிஎஃப்-8 முறையில் ஒவ்வொன்றும் 3 பைட்டாக 15 பைட். மாதிரிக்கு அது எத்தனை டோக்கன் என்பது அம்மாதிரியின் அகராதியைப் பொறுத்தது. வெட்டு விழும் இடம் அசையின் எல்லையாகவோ எழுத்தின் எல்லையாகவோகூட இருக்க வேண்டியதில்லை. ஒற்று நீக்கி 16 என்று எண்ணும் கலித்துறையின் கணக்கு இந்த வெட்டுகளில் நேரே தெரிவதில்லை. அவ்வாறு கேட்கும் ஒன்றை நடுவராக்கி, இரண்டு தமிழ்ப் பாடல்களை அதன்முன் வைத்து, எது சிறந்தது என்று கேட்டால் ஒரு விடை வரும். எண்ணும் வரும். கூத்தர் பாட்டின் உருவகத் தருக்கம் அதிக மதிப்பெண் பெற்று, புகழேந்தியின் எளிய வினா பின்தங்கிப்போக இடமுண்டு. அரசி இரண்டாம் தாழ்ப்பாளைப் போட்டது ஏன் என்பதை எந்த மதிப்பெண் பட்டியலும் சொல்லாது.

கட்டளை என்ற சொல் இன்று ஏவல் என்ற பொருளிலேயே பெரிதும் வழங்குகிறது; கணினித் தமிழில் அப்பொருள் இன்னும் உறுதிப்பட்டுள்ளது. கட்டளைக் கலித்துறையில் அது அளவு. கட்டளைக்கல் என்னும்போது பொன்னின் மாற்றறியும் உரைகல். செங்கணத்தில் காரிகை கேட்ட மாணவருக்கு இப்பொருள்கள் ஒன்றாகவே வந்து சேர்ந்தன: காரிகையே கட்டளைக் கலித்துறையால் ஆன நூல் ஆதலால், விதியைச் சொல்லும் பாட்டே விதிக்கு எடுத்துக்காட்டாகவும் நின்றது, பிழை செய்தால் நூலே காட்டிக்கொடுக்கும். தூண்டுரைப் போட்டி முதற்பொருளில் மட்டும் கட்டளைகளைக் குவிக்கிறது. தமிழ்த்துறைகளில் இத்தகைய போட்டிகள் வகுக்கப்படுமாயின், வென்ற தூண்டுரையோடு அது வென்ற காரணத்தையும் எழுதித்தருமாறு ஆடுவோரைக் கேட்பதும், அக்காரணத்தை ஒரு மனித அவை மறுக்க இடம் வைப்பதும் முதல் விதிகளாக இருக்கத் தக்கவை. அருணகிரிநாதர் கதையில் அவ்விதி முன்பே இருக்கிறது.

டென்சர் டிரஸ்டின் தரவுத்தொகுப்பில் ஆடுவோர் எழுதிய தாக்குரைகளும் காப்புரைகளும் இலட்சக்கணக்கில் அருகருகே கிடக்கின்றன. தமிழ் மரபு தன் தொகுப்பில் வைத்துக்கொண்டது சிலவற்றையே. கதவைத் திறந்த பாட்டைப் பற்றிப் பழமொழி எதுவும் பிறக்கவில்லை. இரண்டாம் தாழ்ப்பாளை வருவித்த பாட்டுத்தான் வழக்கில் நிலைத்தது, அதுவும் பாடியவர் பெயரோடு.